பயிற்சித் திடலுக்கு மேலே ஒரு ட்ரோன்: பாரிஸ் 2024 மகளிர் கால்பந்து குறித்த நிகழ்வு ஆய்வு

2024 ஜூலையில், பாரிஸ் ஒலிம்பிக் தொடங்கும் தறுவாயில், நியூசிலாந்து மகளிர் கால்பந்து அணி பயிற்சி செய்த திடலின் மேல் ஒரு ட்ரோன் பறந்தது. அதை இயக்கியவர் முதல் ஆட்டத்தில் அவர்களை எதிர்கொள்ளவிருந்த கனடா அணியைச் சேர்ந்த ஊழியர். அடுத்த பத்து நாட்களில் ஒரு கைது, மூன்று பேருக்கு ஓராண்டுத் தடை, ஆறு புள்ளிகள் கழிவு, விளையாட்டுத் தகராறுகளைத் தீர்க்கும் சர்வதேச விளையாட்டு நடுவர் மன்றத்தில் ஒரு மேல்முறையீடு என்று விவகாரம் வளர்ந்தது. விளையாட்டு அமைப்புகளை நடத்துபவர்களும், அணி நிர்வாகத்தில் இருப்பவர்களும் இதை ஆரம்பத்திலிருந்து ஒருமுறை நிதானமாகப் பார்ப்பது நல்லது. ஆட்களை இங்கே பதவியால் மட்டுமே குறிப்பிடுகிறேன். எந்தப் பொறுப்பில் இருந்தவர் எந்த நேரத்தில் என்ன செய்தார் என்பது பெயர் இல்லாமலேயே புரியும்.

பின்னணி

ஒலிம்பிக்கில் ஆண்கள் கால்பந்து 1900-லிருந்து இருக்கிறது. நடுவில் 1932-ல் மட்டும் இல்லை. மகளிர் கால்பந்து வந்து சேர்ந்தது 1996 அட்லாண்டாவில்தான். ஆனால் இன்று தரத்தைப் பார்த்தால் நிலைமை தலைகீழ். ஆண்கள் பிரிவில் 23 வயதுக்கு உட்பட்டவர்களோடு வயது மீறிய மூன்று பேரை மட்டும் சேர்த்துக்கொள்ளலாம். மகளிர் பிரிவில் வயது வரம்பே இல்லை. ஒவ்வொரு நாடும் தன் முழு தேசிய அணியைத்தான் இறக்குகிறது. அதனால் உலகக் கோப்பைக்கு அடுத்த பெரிய பரிசு மகளிருக்கு ஒலிம்பிக் தங்கம்தான். இந்த விவகாரத்தில் என்ன பணயம் வைக்கப்பட்டது என்பதற்கு இது முக்கியம்.

பாரிஸில் ஆண்கள் பிரிவில் 16 அணிகள், மகளிர் பிரிவில் 12 அணிகள். மகளிர் அணிகள் நான்கு நான்காக மூன்று குரூப்களில் இருந்தன. ஒவ்வொரு குரூப்பிலும் முதல் இரண்டு இடங்கள், அதோடு மூன்றாம் இடம் பிடித்தவர்களில் சிறந்த இரண்டு அணிகள், ஆக எட்டு அணிகள் காலிறுதிக்குப் போகும். ஓர் அணியில் 18 பேர்தான். ஆட்டங்கள் ஜூலை 25, 28, 31 என்று மூன்று நாளுக்கு ஒன்று. காயம்பட்டவருக்குத் தேற நேரம் கிடையாது, தவறைத் திருத்திக்கொள்ள இன்னொரு வாரமும் கிடையாது. இப்படிப்பட்ட போட்டியில் எதிரணியைப் பற்றி ஒரு நாள் முன்னதாகத் தெரிந்துகொள்வதற்கு மதிப்பு அதிகம்.

கனடா நடப்புச் சாம்பியனாக வந்தது. 2012-லும் 2016-லும் வெண்கலம், 2021-ல் நடந்த டோக்கியோ ஒலிம்பிக்கில் ஸ்வீடனைப் பெனால்டி ஷூட்-அவுட்டில் வென்று தங்கம். பாரிஸில் அவர்கள் இருந்த ஏ குரூப்பில் பிரான்ஸ், கொலம்பியா, நியூசிலாந்து மற்ற மூன்று அணிகள். முதல் ஆட்டம் ஜூலை 25 அன்று சான்-எத்தியென் நகரில், நியூசிலாந்துடன். தரவரிசையில் நியூசிலாந்து கனடாவை விட வெகுவாகப் பின்தங்கிய அணி. வேவு பார்க்காமலேயே கனடா வென்றிருக்க வாய்ப்பு அதிகம் என்பதை இங்கேயே சொல்லிவைக்கிறேன்.

பயிற்சியை வேவு பார்ப்பதில் என்ன கிடைக்கும்?

கால்பந்தை வெளியிலிருந்து பார்ப்பவர்களுக்கு இந்தச் சந்தேகம் வருவது நியாயம். ஆட்டங்கள் எல்லாமே தொலைக்காட்சியில் வருகின்றன, எதிரணியின் பழைய ஆட்டங்களை எத்தனை முறை வேண்டுமானாலும் போட்டுப் பார்க்கலாம். ஒவ்வொரு அணியிலும் அதற்கென்றே வீடியோ ஆய்வாளர்கள் இருக்கிறார்கள். அதில் தவறு ஒன்றும் இல்லை. பிறகு எதற்கு ட்ரோன்?

ஆட்டத்துக்கு இரண்டு மூன்று நாள் முன்னால் நடக்கும் பயிற்சி வேறு மாதிரியானது. உடற்பயிற்சி குறையும், ஒத்திகை கூடும். தொடக்கப் பதினொருவர் ஒரு நிற மேல்சட்டையிலும் மற்றவர்கள் வேறு நிறத்திலும் நிற்பார்கள். அதைப் பார்த்தாலே யார் இறங்கப்போகிறார்கள் என்று தெரிந்துவிடும். கார்னர் கிக்கை யார் எடுக்கிறார், பந்து முதல் கம்பத்துக்கா பின் கம்பத்துக்கா, கோல்கீப்பரை மறைக்க யார் போய் நிற்கிறார், தலையால் முட்டப்போகிறவர் எந்தப் புள்ளியிலிருந்து ஓடிவருகிறார் என்று எல்லாம் அங்கேதான் திரும்பத் திரும்ப நடக்கும். காயத்திலிருந்து தேறிவரும் வீராங்கனை முழுப் பயிற்சியில் இருக்கிறாரா, ஓரமாகத் தனியே ஓடுகிறாரா என்பதும் தெரியும். இதெல்லாம் பழைய ஆட்டங்களின் வீடியோவில் இருக்காது. வேலிக்கு வெளியே தரைமட்டத்தில் நின்று பார்த்தால் ஒருவரை ஒருவர் மறைப்பார்கள், அணியின் வடிவம் பிடிபடாது. மேலிருந்து எடுத்தால் சதுரங்கப் பலகையைப் பார்ப்பது போல இருபது பேரும் எங்கெங்கே நிற்கிறார்கள் என்பது ஒரே சட்டகத்தில் விழும். ட்ரோன் தரும் லாபம் அதுதான்.

இது புதிய சங்கதியும் இல்லை. 2019 ஜனவரியில் இங்கிலாந்தில் டார்பி அணியின் பயிற்சி மைதானத்துக்கு வெளியே லீட்ஸ் அணியின் ஊழியர் ஒருவர் பிடிபட்டார். லீட்ஸுக்கு 2,00,000 பவுண்டு அபராதம் விழுந்தது. ஆட்டத்துக்கு முந்தைய 72 மணி நேரத்தில் எதிரணியின் பயிற்சியைப் பார்க்கக்கூடாது என்று அதன் பிறகுதான் அவ்விரு அணிகளும் ஆடிய லீக்கில் தனி விதியே வந்தது. புள்ளி எதுவும் கழிக்கப்படவில்லை. பாரிஸில் அந்த விதித் தெளிவின்மை இல்லை. பயிற்சி மைதானங்களின் மேல் ட்ரோன் பறக்கவிடத் தடை இருந்தது, ஆண்கள் பிரிவுக்கும் மகளிர் பிரிவுக்கும் அது பொது. அதோடு ஒலிம்பிக் பாதுகாப்புக்காகப் பிரான்ஸ் அரசு விதித்த வான்வெளிக் கட்டுப்பாடுகளும் இருந்தன.

மார்ச் மாதத்து மின்னஞ்சல்

காலவரிசைப்படி பார்த்தால் கதை ஜூலையில் தொடங்கவில்லை. சர்வதேசக் கால்பந்து கூட்டமைப்பான ஃபிஃபா பின்னால் வெளியிட்ட தீர்ப்பின் விவரங்களில் 2024 மார்ச் மாதத்து மின்னஞ்சல் பரிமாற்றம் ஒன்று இடம்பெற்றது. இந்த ஆய்வில் எனக்கு மிக முக்கியமாகப் படுவது அதுதான்.

கனடா அணியின் ஆய்வாளர் ஒருவர், வேவு பார்க்கும் வேலையைத் தன்னிடம் இனி தரக்கூடாது என்று எழுத்தில் தெரிவித்தார். காரணங்களையும் சொன்னார். தன் மனசாட்சிக்கு ஒப்பவில்லை. ஆய்வாளர் துறையில் தன் நற்பெயர் கெடும். ஆட்ட நாளன்று செய்ய வேண்டிய சொந்த வேலையையே செய்ய முடியாமல் போகலாம். தலைமைப் பயிற்சியாளர் இதை மனிதவள ஆலோசகர் ஒருவருக்கு அனுப்பி, என்ன செய்யலாம் என்று ஆலோசனை கேட்டார். வேவு பார்ப்பது ஆய்வாளர்கள் எப்போதும் செய்துவந்த வேலைதான், முன்னணி அணிகள் எல்லாம் செய்வதுதான், வெற்றிக்கும் தோல்விக்கும் நடுவில் இதுவே வித்தியாசமாக இருக்கலாம் என்பது அவர் அதில் சொன்னதன் சாரம். ஆண்கள் அணிப் பக்கத்திலும் இது நடப்பதாக அதில் குறிப்பு இருந்தது.

கேள்வி எப்படிக் கேட்கப்பட்டது என்று கவனியுங்கள். ஓர் ஊழியர் விதிமீறலுக்கு மறுப்புத் தெரிவிக்கிறார். ஆனால் மேலே போனபோது அது, வேலையைச் செய்ய மறுக்கும் ஊழியரை எப்படிக் கையாளுவது என்ற பணியாளர் பிரச்சினையாக மாறிவிட்டது. எழுத்தில் மறுக்கும் துணிச்சல் ஒருவருக்கு இருந்தது. அந்த மறுப்பை எடுத்துக்கொண்டு நடைமுறையையே நிறுத்தும் அதிகாரமுள்ள ஒருவர் முன்வரவில்லை. நான்கு மாதம் கழித்து ட்ரோன் பறந்தது.

ஜூலை 19 முதல் 22 வரை

ஜூலை 22, திங்கட்கிழமை. சான்-எத்தியெனில் நியூசிலாந்து அணி பயிற்சியில் இருந்தபோது மேலே ட்ரோன் ஒன்று தெரிந்தது. நியூசிலாந்து அணியினர் உடனே காவல்துறைக்குச் சொன்னார்கள். அதை இயக்கியவர் பிடிபட்டார். கனடா அணியோடு வேலை செய்துவந்த ஆய்வாளர் அவர். ஆனால் ஒலிம்பிக் அங்கீகார அட்டை பெற்றவர்களில் அவர் இல்லை. அதாவது அணிக்காக வேலை செய்கிறார், அணியின் அதிகாரபூர்வப் பட்டியலிலோ இல்லை.

நியூசிலாந்து ஒலிம்பிக் குழு சர்வதேச ஒலிம்பிக் குழுவின் நேர்மைப் பிரிவிடம் புகார் கொடுத்தது, விஷயத்தைப் பொதுவெளியிலும் வைத்தது. ஆட்டத்துக்கு இன்னும் மூன்று நாள்தான் இருந்தது. இந்த இடத்தில் நியூசிலாந்து தரப்பு நடந்துகொண்ட விதம் பாராட்டுக்குரியது. எதிரணி நிர்வாகத்தோடு தனியாகப் பேசி முடித்துக்கொள்ளவில்லை. முதலில் காவல்துறை, அப்புறம் ஒலிம்பிக் அமைப்பு, அப்புறம் ஃபிஃபா என்று முறைப்படி போனார்கள். அப்படிச் செய்யாமல் போயிருந்தால் சாட்சியமாக எதுவும் மிஞ்சியிருக்காது.

அந்த ஆய்வாளருக்கு பிரெஞ்சு நீதித்துறை நிறுத்திவைக்கப்பட்ட எட்டு மாதச் சிறைத்தண்டனை விதித்தது. விசாரணையின்போது இன்னொன்றும் தெரியவந்தது. ஜூலை 19 அன்றும் நியூசிலாந்தின் பயிற்சி ஒன்றின் மேல் ட்ரோன் பறந்திருந்தது. ஒருமுறை நடந்த தவறு என்று சொல்லித் தப்பிக்க இனி வழியில்லை.

முதல் முடிவுகள்

கனடா ஒலிம்பிக் குழு முதலில் மன்னிப்புக் கேட்டது. ஜூலை 24 அன்று தன் நடவடிக்கைகளை அறிவித்தது. ஆய்வாளரும், அவர் யாருக்குக் கீழ் வேலை செய்தாரோ அந்த உதவிப் பயிற்சியாளரும் வீட்டுக்கு அனுப்பப்பட்டார்கள். மற்ற ஊழியர்களுக்குக் கட்டாய நெறிமுறைப் பயிற்சி. தலைமைப் பயிற்சியாளர் நியூசிலாந்துடனான முதல் ஆட்டத்தில் மட்டும் பொறுப்பிலிருந்து தானாக விலகிக்கொள்வதாகச் சொன்னார். அணியின் நடத்தைக்கு இறுதிப் பொறுப்பு தன்னுடையதே என்றும் ஏற்றுக்கொண்டார்.

ஏன் அதோடு நின்றார்கள்? தலைமைப் பயிற்சியாளருக்கு இதில் பங்கில்லை என்றே அந்த நேரத்தில் ஒலிம்பிக் குழு எடுத்துக்கொண்டது. மறுநாள் ஆட்டம், வீராங்கனைகள் குழப்பத்தில் இருக்கிறார்கள், பயிற்சியாளரையும் அனுப்பிவிட்டால் அணி ஆடிப்போய்விடும் என்ற கவலையும் இருந்திருக்கும். ஓரளவு புரிந்துகொள்ளக்கூடிய கவலைதான். ஆனால் சம்பந்தப்பட்டவர்களின் வார்த்தையை மட்டும் வைத்து ஒரு முடிவை அறிவித்துவிட்டு, ஆவணங்களைப் பின்னால் தேடினார்கள். வரிசை தலைகீழ். மார்ச் மாதத்து மின்னஞ்சல் அப்போதே எழுதப்பட்டுக் கிடந்தது.

ஜூலை 25, சான்-எத்தியெனின் ஜொஃப்ருவா-கிஷார் மைதானம். உதவிப் பயிற்சியாளர் ஒருவர் பொறுப்பேற்றார். நியூசிலாந்து முதல் கோலைப் போட்டது. கனடா சமன் செய்து, பிற்பாதியில் இன்னொன்று போட்டு 2-1 என்று வென்றது. புள்ளிகள் கனடாவுக்குப் போயின.

அதற்கு முந்தைய நாள் இதே மைதானத்தில் ஆண்கள் பிரிவின் அர்ஜென்டினா-மொராக்கோ ஆட்டம் நடந்திருந்தது. ஆட்டத்தில் வீணான நேரத்துக்கு ஈடாகக் கடைசியில் கூட்டப்படும் இழப்பீட்டு நேரத்தின் இறுதியில் அர்ஜென்டினா சமன் செய்ய, ரசிகர்கள் திடலுக்குள் இறங்க, ஆட்டம் கிட்டத்தட்ட இரண்டு மணி நேரம் நின்றுபோய், காலி மைதானத்தில் மீண்டும் தொடங்கியது. வீடியோ உதவி நடுவர் அந்தக் கோலை ஆஃப்சைடு என்று ரத்து செய்ய, 2-1 என்று மொராக்கோ வென்றது. ஒரே ஊரில், ஒரே வாரத்தில், கால்பந்து நிர்வாகிகளின் மேசைக்கு இரண்டு பெரிய புகார்கள் வந்து சேர்ந்தன என்பதை நினைவில் வைத்துக்கொண்டால், அடுத்து வந்த முடிவின் வேகம் இன்னும் வியப்பாக இருக்கும்.

நியூசிலாந்து ஆட்டம் முடிந்த அன்றிரவே நிலைமை மாறியது. பாரிஸுக்கு முன்னாலேயே எதிரணிகள் மீது ட்ரோன் பயன்படுத்தப்பட்டதாகக் கூடுதல் தகவல்கள் கிடைத்திருப்பதாகச் சொல்லி, கனடா கால்பந்து சங்கம் தலைமைப் பயிற்சியாளரைப் போட்டி முடியும்வரை இடைநீக்கம் செய்தது. ஒலிம்பிக் குழு அவரை அணியிலிருந்தே விலக்கியது. முதலில் ஓர் ஆட்டத்துக்கு மட்டும் விலகல், அடுத்த நாளே முழு நீக்கம். வெளியிலிருந்து பார்த்தவர்களுக்கு, எவ்வளவு தெரிந்ததோ அவ்வளவுக்கு மட்டும் நடவடிக்கை எடுக்கிறார்கள் என்ற எண்ணம் வந்ததில் ஆச்சரியமில்லை. முந்தைய ஒலிம்பிக் தங்கத்தின் மீதே கேள்வி எழுப்பப்பட்டது. அந்தப் பதக்கம் திரும்பப் பெறப்படவில்லை. ஆனால் மூன்று ஆண்டு கழித்து அதை வென்றவர்களே அதற்காக விளக்கம் சொல்ல நேர்ந்தது கொடுமை.

ஃபிஃபாவின் தீர்ப்பு

வழக்கமாக இப்படிப்பட்ட புகார் ஒழுங்கு நடவடிக்கைக் குழுவுக்குப் போய், பிறகு மேல்முறையீட்டுக் குழுவுக்குப் போய், கடைசியில்தான் விளையாட்டு நடுவர் மன்றத்துக்குப் போகும். மூன்று நாளுக்கு ஓர் ஆட்டம் நடக்கும் போட்டியில் அதற்கெல்லாம் நேரம் ஏது? அதனால் ஒழுங்குக் குழுத் தலைவர் விவகாரத்தை நேராக மேல்முறையீட்டுக் குழுவிடம் ஒப்படைத்தார். ஒரு படி மிச்சமானது. ஜூலை 27 அன்று தீர்ப்பு வந்தது: தலைமைப் பயிற்சியாளர், உதவிப் பயிற்சியாளர், ஆய்வாளர் மூவருக்கும் கால்பந்து தொடர்பான எல்லா நடவடிக்கைகளிலிருந்தும் ஓராண்டுத் தடை, கனடா கால்பந்து சங்கத்துக்கு 2,00,000 சுவிஸ் ஃபிராங்க் அபராதம், மகளிர் அணிக்கு ஆறு புள்ளிகள் கழிவு.

சங்கத்தின் மேல் சுமத்தப்பட்ட குற்றம் குறிப்பானது. பயிற்சி மைதானங்களின் மேல் ட்ரோன் பறக்கக்கூடாது என்ற விதியைத் தன் ஆட்கள் பின்பற்றுவதை உறுதி செய்யத் தவறியது. அதாவது நீ அனுப்பினாயா என்ற கேள்விக்கு விடை கிடைக்கும்வரை ஃபிஃபா காத்திருக்கத் தேவையில்லை. உன் ஆட்களை நீ பார்த்துக்கொண்டாயா என்பதே போதும். ஐந்தே நாளில் தீர்ப்புச் சொல்ல முடிந்ததற்கு இதுவும் ஒரு காரணம் என்று நினைக்கிறேன்.

ஆறு புள்ளிகள் என்றால் இரண்டு வெற்றிகளின் மதிப்பு. வெறும் அபராதத்தோடு விட்டிருந்தால் பணமுள்ள சங்கங்கள் அதை ஒரு செலவாக எழுதிவிட்டுப் போயிருக்கும். போட்டியிலிருந்தே நீக்கியிருந்தால், மீதமுள்ள இரண்டு அணிகளின் ஆட்ட அட்டவணையும் குலைந்திருக்கும், திடலில் நேர்மையாக உழைத்தவர்களுக்குக் கதவு முழுதாக மூடியிருக்கும். ஆறு என்ற எண் கடுமையானது. ஆனால் மூன்று ஆட்டத்தையும் வென்றால் மூன்று புள்ளி மிஞ்சும், அதை வைத்துக்கொண்டு காலிறுதிக்குப் போக முடியும். அந்த இடைவெளியை விட்டுவைத்தது சரி என்றே எனக்குப் படுகிறது.

நடுவர் மன்றத்தில்

கனடா ஒலிம்பிக் குழுவும் கால்பந்து சங்கமும் புள்ளிக் கழிவை எதிர்த்து விளையாட்டு நடுவர் மன்றத்தின் ஒலிம்பிக் காலத் தற்காலிகப் பிரிவுக்குப் போயின. வீராங்கனைகள் எந்தத் தவறும் செய்யவில்லை, செய்யாத குற்றத்துக்கு அவர்களைத் தண்டிப்பது அளவுக்கு மீறியது என்பது வாதம். ஜூலை 31 அன்று, கொலம்பியாவுடனான ஆட்டத்துக்குச் சில மணி நேரம் முன்பு, மேல்முறையீடு தள்ளுபடி ஆனது.

வீராங்கனைகள் குற்றம் செய்யவில்லை என்பதில் யாருக்கும் மறுப்பில்லை. அவர்களில் ஒருவர் மீதும் ஃபிஃபா நடவடிக்கை எடுக்கவில்லை. இருந்தும் அந்த வாதம் செல்லாது என்பதே என் கருத்து. பயிற்சியை வேவு பார்த்து எடுத்த தகவலின் பலன் சேரும் இடம் திடல்தான். பலன் அணிக்கு என்றால் இழப்பும் அணிக்குத்தான் வர முடியும். பயிற்சியாளரை மட்டும் தண்டித்தால், தன் வேலையைப் பணயம் வைக்கத் தயாரான ஒருவர் அணிக்கு லாபம் தேடித்தர முடியும் என்றாகிவிடும். வீராங்கனைகளுக்கு நேர்ந்தது அநியாயம்தான். ஆனால் அந்த அநியாயத்தைச் செய்தது தீர்ப்பு எழுதியவர்கள் இல்லை. அவர்களைப் போட்டிக்கு அழைத்துவந்தவர்கள்.

திடலில் நடந்தது

தீர்ப்பு வந்தபோது கனடாவின் கணக்கு மைனஸ் மூன்று. ஜூலை 28 அன்று அதே சான்-எத்தியெனில், போட்டியை நடத்தும் பிரான்ஸுடன் மோதினார்கள். முதல் கோல் பிரான்ஸ். பிற்பாதியில் கனடா சமன் செய்தது. டிரா ஆனால் கனடாவின் கதை கிட்டத்தட்ட முடிந்தது. இழப்பீட்டு நேரத்தின் 12-வது நிமிடத்தில் தடுப்பாட்ட வீராங்கனை ஒருவர் வெற்றி கோலைப் போட்டார். மைனஸ் மூன்று பூஜ்யம் ஆனது. இரண்டு ஆட்டம் ஆடி இரண்டையும் வென்ற அணி, பூஜ்யத்துக்கு வந்ததைக் கொண்டாடியது.

ஜூலை 31, நீஸ் நகரில் கொலம்பியா. அதே வீராங்கனையின் கோலில் 1-0. குரூப் அட்டவணை இப்படி முடிந்தது: பிரான்ஸ் 6, கனடா 3, கொலம்பியா 3, நியூசிலாந்து 0. கோல் வித்தியாசத்தில் கனடா இரண்டாம் இடம்.

தண்டனை வலிக்கவில்லை, எப்படியும் காலிறுதிக்குப் போய்விட்டார்களே என்று அப்போது சிலர் பேசினார்கள். அது சரியில்லை. கழிவு இல்லாவிட்டால் ஒன்பது புள்ளியோடு கனடா குரூப்பில் முதலிடம் பிடித்திருக்கும். காலிறுதியில் சி குரூப்பில் மூன்றாவதாக வந்த பிரேசிலைச் சந்தித்திருக்கும். இரண்டாம் இடம் என்பதால் பி குரூப்பின் இரண்டாம் இடமான ஜெர்மனியைச் சந்தித்தது. ஆகஸ்ட் 3, மார்செய். 120 நிமிடம் கோல் இல்லை. ஷூட்-அவுட்டில் ஜெர்மனியின் கோல்கீப்பர் இரண்டு உதைகளைத் தடுத்து, கடைசி உதையைத் தானே அடித்து முடித்தார். 4-2. நடப்புச் சாம்பியன் வெளியேறியது. பிரேசில் எளிய எதிரணியாக இருந்திருக்கும் என்று சொல்ல வரவில்லை. அவர்கள் பிரான்ஸை வீழ்த்தி இறுதிப் போட்டி வரைக்கும் போனார்கள். காலிறுதியில் யார் யாரோடு மோதுவது என்பதையே இந்தக் கழிவு மாற்றியது, பிரான்ஸின் பாதை உட்பட.

பாதிக்கப்பட்டவர்களுக்கு என்ன கிடைத்தது

இந்த விவகாரம் பற்றிய பேச்சில் பெரும்பகுதி கனடாவைச் சுற்றியே இருந்தது. நியூசிலாந்து எங்கே?

அவர்கள் பயிற்சி குறைந்தது இரண்டு முறை படம்பிடிக்கப்பட்டது. கண்டுபிடித்தது அவர்கள், புகார் செய்தது அவர்கள். ஒத்திகை பார்த்ததில் எதை மாற்றுவது, எதை அப்படியே வைப்பது என்ற குழப்பத்தோடுதான் முதல் ஆட்டத்தில் இறங்கியிருப்பார்கள். தோற்றார்கள், அந்த முடிவு அப்படியே நின்றது. கனடாவிடமிருந்து கழிக்கப்பட்ட ஆறு புள்ளியில் ஒன்றுகூட அவர்கள் கணக்கில் வரவில்லை. அடுத்த இரண்டு ஆட்டங்களிலும் தோற்று, பூஜ்யப் புள்ளியோடு வீடு திரும்பினார்கள். அபராதத் தொகை போனது ஃபிஃபாவுக்கு.

விதிப்படி எல்லாம் சரி. வேவு பார்த்ததால்தான் அந்த ஆட்டத்தின் முடிவு இப்படி ஆனது என்று யாராலும் நிரூபிக்க முடியாது என்பதும் உண்மை. ஆனாலும் ஆட்டத்துக்கு முன்பே, சந்தேகத்துக்கு இடமில்லாமல் தெரிந்துவிட்ட மீறல் இது. புகார் கொடுத்த அணிக்கு அந்தப் புகாரால் கிடைத்தது நெருக்கடியும் ஊடக வெளிச்சமும் மட்டுமே என்றால், அடுத்த முறை மேலே ட்ரோனைப் பார்க்கும் ஒரு சிறிய அணி, ஆட்டத்துக்கு முந்தைய மூன்று நாளை இதில் செலவழிக்கத் துணியுமா?

அதன் பிறகு

கனடா அரசு, தடை விதிக்கப்பட்டவர்கள் தொடர்பான நிதியைத் தடைக்காலம் முழுவதும் நிறுத்திவைத்தது. கால்பந்து சங்கம் வெளியிலிருந்து ஒரு சட்ட நிறுவனத்தை வைத்து விசாரணை நடத்தியது. அறிக்கை 2024 நவம்பரில் வந்தது. பாரிஸில் நடந்தது தனி நிகழ்வு இல்லை, இந்த நடைமுறை அந்தத் தலைமைப் பயிற்சியாளர் பொறுப்பேற்பதற்கு முன்பிருந்தே இருந்தது, உதவிப் பயிற்சியாளர்களும் ஊழியர்களும் தலைமைப் பயிற்சியாளரின் அதிகாரத்தைக் கேள்வி கேட்கத் தயங்கினார்கள் என்பவை அதன் முக்கியக் கண்டறிதல்கள். தடை பெற்ற மூவரும் திரும்ப மாட்டார்கள் என்று சங்கம் அறிவித்தது. 2025 தொடக்கத்தில் புதிய தலைமைப் பயிற்சியாளர் வந்தார்.

ஊழியர்கள் தயங்கினார்கள் என்ற வரியை மார்ச் மின்னஞ்சலோடு சேர்த்துப் படிக்க வேண்டும். தேசிய அணியின் ஊழியருக்கு வேலை ஒப்பந்தம், அடுத்த முகாமுக்கான அழைப்பு, எதிர்காலப் பரிந்துரை எல்லாமே ஒருவர் கையில். அந்த ஒருவரிடமே மறுப்பைச் சொல்ல வேண்டியிருந்தால் பெரும்பாலானவர்கள் சொல்ல மாட்டார்கள். சொன்ன ஒருவரின் கடிதம் எங்கே போய் நின்றது என்று பார்த்தோம்.

என்ன மாற வேண்டும்

என்னைக் கேட்டால் முதலில் மாற வேண்டியது அதுதான். விதிமீறல் வேலையைச் செய்ய மாட்டேன் என்று ஓர் ஊழியர் எழுதினால், அந்தக் கடிதத்துக்கு அணிக்கு வெளியே ஒரு முகவரி இருக்க வேண்டும். சங்கத்தின் நெறிமுறை அதிகாரி, அல்லது தேசிய ஒலிம்பிக் குழுவில் இதற்கென்று ஒருவர். குறிப்பிட்ட நாட்களுக்குள் பதில் சொல்லியாக வேண்டும் என்ற கட்டாயமும் வேண்டும். தலைமைப் பயிற்சியாளர் வழியாகப் போகும் எந்தப் பாதையும் இதற்கு உதவாது. மனிதவளத் துறையும் தனியாக இதைக் கையாளக்கூடாது. அங்கே போனால் மறுத்தவரின் நடத்தை விவாதப் பொருளாகும், மறுக்கப்பட்ட வேலை விவாதத்துக்கு வராது.

இரண்டாவது, விவகாரம் வெடித்த முதல் 48 மணி நேரம். விசாரணை முடியும்வரை அதிகாரச் சங்கிலியில் இருக்கும் அனைவரும் ஒதுங்கி நிற்க வேண்டும், குற்றவாளி என்ற தீர்ப்பாக இல்லாமல் வழக்கமான நடைமுறையாகவே. மின்னஞ்சல்களும் சாதனங்களும் அன்றைக்கே கைப்பற்றப்பட வேண்டும். கனடா இதைச் செய்திருந்தால் ஜூலை 24 அறிவிப்பும் 25 இரவு அறிவிப்பும் ஒரே அறிவிப்பாக இருந்திருக்கும். வீராங்கனைகள் ஒருமுறை அதிர்ந்து, ஒருமுறை தேறியிருப்பார்கள்.

அங்கீகார அட்டை விஷயமும் உண்டு. அணிக்காகப் போட்டி நடக்கும் நாட்டுக்குள் வந்து வேலை செய்யும் ஒவ்வொருவர் பெயரும், அட்டை இருந்தாலும் இல்லாவிட்டாலும், போட்டி அமைப்பாளரிடம் இருக்க வேண்டும். விதிகளுக்குக் கட்டுப்படுவதாக அவர்களும் கையெழுத்திட வேண்டும்.

கடைசியாக, புகார் கொடுக்கும் அணிக்கான விதி. ஆட்டத்துக்கு முன்பே மீறல் உறுதியானால், பாதிக்கப்பட்ட அணி பயிற்சி மைதானத்தை மாற்றிக் கேட்கவும், மூடிய வளாகத்தில் கூடுதல் பயிற்சி நேரம் பெறவும், ஆட்டத்தை ஒரு நாள் தள்ளிவைக்கக் கோரவும் எழுதப்பட்ட உரிமை வேண்டும். நேருக்கு நேரான அந்த ஓர் ஆட்டத்தில் மீறிய அணி வென்றால் அதன் மூன்று புள்ளிகள் செல்லாது என்று முன்கூட்டியே அறிவிக்கலாம். தீர்ப்புக்காக ஐந்து நாள் யாரும் காத்திருக்க வேண்டியதில்லை. 2028-ல் லாஸ் ஏஞ்சலஸ் போட்டியில் மகளிர் பிரிவில் 16 அணிகளும் ஆண்கள் பிரிவில் 12 அணிகளும் ஆடவிருக்கின்றன. மகளிர் பிரிவில் புதிதாக வரும் நான்கு இடங்களுக்கு நியூசிலாந்து போன்ற, பெரிய ஊழியர் படை இல்லாத அணிகளும் போட்டியிடும். அந்தப் போட்டிக்கான விதிப்புத்தகத்தில் இதை எழுதிவைக்க இன்னும் நேரம் இருக்கிறது.